ஊர்த் திருவிழாவைப் போனில் எடுப்பவர்களுக்கு: கிம்பல் வாங்கும் முன் ஒரு திறந்த மடல்

அன்புள்ள தம்பி தங்கைகளுக்கு,

ஆடி பிறந்துவிட்டால் உங்கள் கையிலிருக்கும் போனுக்கு ஓய்வு கிடையாது. காப்புக் கட்டுவதில் தொடங்கி கூழ் ஊற்றுவது, முளைப்பாரி, தீமிதி, சாமி ஊர்வலம் என்று எல்லாவற்றையும் நீங்கள்தான் எடுக்கிறீர்கள். டி.வி. கேமரா மதுரைக்குப் போகும், ஸ்ரீரங்கத்துக்குப் போகும். நாலு தெரு மட்டுமே உள்ள ஊரில் இழுக்கிற சப்பரத்துக்கு வராது. திருப்பூரில் வேலை பார்ப்பவரும் துபாயில் இருப்பவரும் தங்கள் ஊர்ச் சாமியை உங்கள் வீடியோவில்தான் கும்பிட்டுக்கொள்கிறார்கள். பல வருஷம் கழித்து, அந்தக் கூத்து வாத்தியார் எப்படி அடவு வைத்தார், அந்தப் பாட்டி எந்த மெட்டில் கும்மிப் பாட்டெடுத்தார் என்று யாரேனும் தேடினால் கிடைக்கப்போவதும் நீங்கள் எடுத்து வைத்ததுதான். அது தலை சுற்றாமல் பார்க்கும்படி இருக்கவேண்டும் என்பதில் எனக்கு மிகுந்த அக்கறை உண்டு.

நான் கல்யாண வீடியோ எடுப்பவன். முகூர்த்தம் இல்லாத ஞாயிற்றுக்கிழமைகளில் உங்களைப் போன்ற பிள்ளைகள் எடுத்துவரும் வீடியோக்களை உட்கார்ந்து பார்த்துப் பேசுவது வழக்கம். எல்லோரும் கடைசியில் வந்து நிற்கிற கேள்வி, "அண்ணா, வீடியோ ரொம்ப ஆடுது. குறைஞ்ச விலையில எந்த கிம்பல் வாங்கலாம்?" என்பதுதான். ஆளுக்கொரு பதில் சொல்வதைவிட எல்லோருக்குமாக எழுதிவிடுகிறேன்.

மாடல் பெயர் அப்புறம். முதலில் நீங்கள் எடுத்த பழைய வீடியோக்களைத் திறந்து பாருங்கள். அவற்றில் எவ்வளவு நேரம் நடந்துகொண்டே எடுத்தது, எவ்வளவு நேரம் ஒரே இடத்தில் நின்று எடுத்தது? தெருக்கூத்து, வில்லுப்பாட்டு, கும்மி, அபிஷேகம் எல்லாம் நின்று எடுக்கவேண்டியவை. போனை மோட்டாரால் ஆடாமல் பிடிக்கும் கிம்பல் அங்கே வேலைக்காகாது; விடிய விடிய அரைக் கிலோவைக் கையில் தூக்கிக்கொண்டு யாராலும் நிற்க முடியாது. ஒன்றரை, இரண்டாயிரம் ரூபாய்க்குக் கிடைக்கிற, கால் நடுங்காத ஒரு ட்ரைபாடும் போன் ஹோல்டரும் போதும். ஊர்வலம், கரகம், பூக்குழிக்குப் போகிற கூட்டம் என்று நகர்ந்துகொண்டே இருப்பவற்றைப் பின்தொடர்வதுதான் உங்கள் வேலையில் பாதிக்கு மேல் என்றால் மட்டும் கிம்பலைப் பற்றி யோசியுங்கள்.

அப்போதும் பகல் வெளிச்சத்தில் உங்கள் போன் என்ன செய்கிறது என்று ஒருமுறை பார்த்துவிடுங்கள். இரண்டு மூன்று வருஷத்துக்குள் வந்த போன்கள் பலவற்றில் வீடியோ ஆட்டத்தைக் குறைக்கும் வசதி உள்ளேயே இருக்கிறது. ஐபோன் 14-இல் 2022-ஆம் ஆண்டு வந்த 'ஆக்‌ஷன் மோட்' அந்த வகைதான். ஆண்ட்ராய்டு போன்களில் 'சூப்பர் ஸ்டெடி', 'அல்ட்ரா ஸ்டெடி' என்று கம்பெனிக்கொரு பெயர். அதைப் போட்டுக்கொண்டு காலை வெயிலில் தெருவை ஒரு சுற்று சுற்றி வந்து பாருங்கள். உங்களுக்கு அது போதும் என்று தோன்றினால் பணம் மிச்சம்.

ஆனால் நம் திருவிழாக்களில் முக்கியமானதெல்லாம் பொழுது சாய்ந்த பிறகுதானே நடக்கிறது? அங்கேதான் போனுக்குள் இருக்கும் வசதி காலை வாரிவிடும். வெளிச்சம் குறைந்தால் போன் ஒவ்வொரு ஃபிரேமுக்கும் ஷட்டரை அதிக நேரம் திறந்துவைக்கும். அந்த நேரத்துக்குள் கை ஆடினால் அந்த ஃபிரேமே குழைந்துபோகிறது. சாஃப்ட்வேரால் ஃபிரேமை இடவலமாக நகர்த்தி நேராக அடுக்க முடியும்; குழைந்துபோன படத்தைத் தெளிவாக்க முடியாது. அதனால்தான் ராத்திரி ஊர்வல வீடியோவில் படம் நேராக நின்றாலும், சீரியல் பல்புகள் ஒவ்வோர் அடிக்கும் கோடாக இழுபட்டுத் துடிக்கின்றன. போதாததற்கு, நகர்த்துவதற்கு இடம் வேண்டும் என்று சாஃப்ட்வேர் படத்தின் நாலு ஓரத்தையும் வெட்டிவிடுகிறது. குறுகலான தெருவில் சாமியின் கிரீடமும் ஓரத்தில் நிற்கிற ஆட்களும் அதில் போய்விடுவார்கள். கிம்பல் போனையே அசையாமல் பிடித்துக்கொள்வதால் படம் எடுக்கும்போதே குழைவு குறைந்துவிடுகிறது, எதையும் வெட்டவேண்டியதும் இல்லை. உங்களில் சிலருக்கு கிம்பல் வாங்குங்கள் என்று நான் சொல்வது இந்த ராத்திரி வேலைக்காகத்தான்.

இன்று கிம்பல் சின்ன விலைக்குக் கிடைப்பதே பெரிய விஷயம். கேரட் பிரவுன் என்ற அமெரிக்கர் 1970-களில், சினிமா கேமராவை ஆடாமல் தாங்கும் ஸ்டெடிகேமை உருவாக்கினார். 1976-இல் வந்த 'ராக்கி' படத்தில் நாயகன் படிக்கட்டில் ஓடி ஏறும், ஸ்டெடிகேமில் எடுத்த காட்சியை உலகமே பார்த்தது. அந்தக் கருவியில் மோட்டார் கிடையாது. எடையைச் சமன்செய்யும் கம்பும் ஸ்பிரிங் வைத்த கையும் உடம்பில் மாட்டும் ஜாக்கெட்டும்தான். கையில் பிடிக்கும் மோட்டார் கிம்பல் சினிமாக்காரர்களிடம் 2013 வாக்கில் வந்தது. ஃப்ரீஃப்ளை கம்பெனியின் 'மூவி' அப்போது 15,000 டாலர். டி.ஜே.ஐ. கம்பெனி போனுக்கான ஓஸ்மோ மொபைலை 2016-இல் 299 டாலருக்கும், அதன் அடுத்த மாடலை 2018-இல் 129 டாலருக்கும் கொண்டுவந்தது. இன்று நம் ஊரில் ஏறக்குறைய ஐந்தாயிரம் ரூபாயிலிருந்து நல்ல மூன்று அச்சு கிம்பல் கிடைக்கிறது. ஷான் பேக்கர் 2015-இல் வெளியான 'டேஞ்சரின்' படத்தை ஐபோன் 5எஸ்-இல் எடுத்தபோது அவர் கையில் இருந்ததும் மோட்டார் இல்லாத, போனுக்கான ஒரு சின்ன ஸ்டெடிகேம்தான். பத்து வருஷத்தில் அவர் 'அனோரா' படத்துக்கு ஆஸ்கார் வாங்கினார். கருவி சின்னது என்று நீங்கள் மனம் தளர வேண்டியதில்லை.

இப்போது கடைக்குப் போவோம். உங்களை நான் அதிகம் எச்சரிக்க விரும்புவது ஆயிரம், ஆயிரத்து ஐந்நூறு ரூபாய்க்கு 'கிம்பல்' என்ற பெயரில் விற்கும் செல்ஃபி ஸ்டிக்கைப் பற்றி. எங்கள் ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்துக்கு வரும் ஒரு பெண், பூக்கட்டி விற்கும் அம்மாவிடம் கேட்டு வாங்கிய பணத்தில் அப்படி ஒன்றை ஆன்லைனில் வாங்கி வந்தாள். பெட்டியில் பெரிய எழுத்தில் 'ஸ்டெபிலைசர்' என்று போட்டிருந்தது. எடுத்துப் பார்த்தால் கழுத்தில் ஒரே ஒரு மோட்டார். படம் சாய்ந்துபோகாமல் நேராக நிறுத்த மட்டும்தான் அதற்குத் தெரியும். போன் மூன்று விதமாகத் திரும்புகிறது: இடவலமாக, மேலும் கீழுமாக, பக்கவாட்டில் சாய்ந்து. இந்த மூன்று அச்சுக்கும் தனித்தனி மோட்டார் இருந்தால்தான் அது உங்கள் வேலைக்கு ஆகும். கடையில் சோதிப்பது சுலபம். போனை மாட்டி ஆன் செய்து, கைப்பிடியை முன்னும் பின்னும் சட்டுச் சட்டென்று ஆட்டுங்கள். போனும் அதே வேகத்தில் குனிந்து நிமிர்ந்தால் அது ஒற்றை மோட்டார் ஸ்டிக், வைத்துவிட்டு வாருங்கள். ஆன்லைனில் என்றால் படத்தைப் பெரிதாக்கி உருண்டையான மூட்டுகளை எண்ணுங்கள். மூன்று இருக்க வேண்டும். அந்தப் பெண்ணுக்குப் பொருளைத் திருப்பிக் கொடுக்கும் கெடு தாண்டிவிட்டது. அந்தக் காசு பூவில் சேர்த்த காசு என்பதால்தான் இதை இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன்.

அடுத்தது எடை. உங்கள் போனைப் பக்கத்து மளிகைக் கடைத் தராசில் வைத்துப் பாருங்கள், கவரோடு ஒரு தடவை, கவர் இல்லாமல் ஒரு தடவை. ஒவ்வொரு கிம்பலும் இத்தனை கிராம் முதல் இத்தனை கிராம் வரை என்று ஒரு கணக்கு வைத்திருக்கிறது. ஓஸ்மோ மொபைல் 6 தாங்குவது 170 முதல் 290 கிராம் வரை. அதன் கவ்வி பிடிக்கும் போனின் அகலம் 67 முதல் 84 மில்லிமீட்டர் வரை. ஹோஹெம் ஐஸ்டெடி எம்6 400 கிராம் வரை தாங்கும். போன் 230 கிராம், தடித்த ரப்பர் கவர், மேலே ஒரு சின்ன லைட் என்று ஏற்றிக்கொண்டே போனால் 290 எங்கே போய்விட்டது என்றே தெரியாது. பளு மிஞ்சினால் மோட்டார் நடுங்கும், சூடாகும், பேட்டரி சீக்கிரம் தீரும். அந்த நடுக்கத்தின் 'ங்ங்ங்' சத்தம் போன் மைக்கில் பதியும். கவரைக் கழற்றிவிட்டு மாட்டுவதே நல்லது.

சரியான எடையாக இருந்தாலும் மாட்டுகிற விதம் ஒன்று உண்டு. கிம்பல் ஆஃபில் இருக்கும்போதே போனை மாட்டி, படுக்கைவாட்டில் அதுவாகச் சமமாக நிற்கும்வரை இடமும் வலமும் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்துங்கள். நின்ற பிறகுதான் ஆன் செய்ய வேண்டும். போன் இல்லாமல் ஆன் செய்யக்கூடாது. கவ்வி போனின் பவர் பட்டனையோ வால்யூம் பட்டனையோ அமுக்கிக்கொண்டிருக்கிறதா என்றும் பாருங்கள். சாமி கருவறையிலிருந்து வெளியே வரும் நேரத்தில் வீடியோ தானாக நின்றுபோவதற்கு அதுதான் பெரும்பாலும் காரணம்.

ஆப் விஷயத்தில் கவனமாக இருங்கள். முகத்தைப் பின்தொடர்வது, கை காட்டினால் ரெக்கார்டு ஆவது, ரெடிமேட் டெம்ப்ளேட் என்று விளம்பரத்தில் வருவதில் பெரும்பகுதி அந்தந்தக் கம்பெனியின் ஆப் வழியாகத்தான் வேலை செய்யும். உங்கள் போன் மாடல் அந்த ஆப் பட்டியலில் இருக்கிறதா என்பதை வாங்கும் முன்பே பார்த்துவிடுங்கள். சில ஆப்கள் ஆண்ட்ராய்டில் ப்ளே ஸ்டோரில் இருப்பதில்லை, கம்பெனி தளத்திலிருந்தே இறக்க வேண்டியிருக்கும். சில கிம்பல்களை முதல் தடவை ஆப்பில் இணைத்து ஆக்டிவேட் செய்தால்தான் தடையில்லாமல் பயன்படுத்த முடியும். அதை வீட்டில், நெட் நன்றாகக் கிடைக்கும்போது முடித்துவிடுங்கள். திருவிழாக் கூட்டத்தில் எல்லோர் போனிலும் நெட் திணறும். நான் தேர்ந்தெடுப்பதாக இருந்தால் இன்னொன்றையும் பார்ப்பேன்: ஆப்பே இல்லாமல், போனின் சொந்தக் கேமராவைத் திறந்துவைத்துக்கொண்டு எடுக்க வருகிறதா? பல போன்களில் ராத்திரி நேரத்தில் நல்ல படம் தருவது அதன் சொந்தக் கேமராதான். முகத்தைப் பின்தொடரும் வசதிக்கு நான் பெரிய மதிப்புத் தரமாட்டேன். நூறு பேர் சூழ்ந்த கூட்டத்தில் அது அடுத்தவர் முகத்துக்குத் தாவிவிடும். தனியாக நின்று பேசி எடுப்பவர்களுக்கு அது வரம், உங்களுக்கு அவசியமில்லை.

பெயர் கேட்கிறீர்கள். ஹோஹெமின் ஐஸ்டெடி வரிசையில் ஆரம்ப மாடல்கள், ஜியூனின் ஸ்மூத் வரிசையில் சின்னவை, டி.ஜே.ஐ.யின் ஓஸ்மோ மொபைல் எஸ்.இ. ஆகிய மூன்றில் எது உங்கள் போனுக்குப் பொருந்துகிறதோ அதை எடுக்கலாம். பத்தாயிரம் ரூபாயைத் தாண்ட வேண்டாம். நீளும் கம்பு, காந்தக் கவ்வி, கிம்பலிலேயே லைட் போன்றவற்றுக்குக் கூடுதலாகத் தரும் பணத்தில் ஒரு மைக் வாங்கலாம். பில்லும் இந்தியாவில் செல்லும் வாரண்டியும் இருக்கிறதா என்பது மாடல் பெயரைவிட முக்கியம். மோட்டாரோ பேட்டரியோ போனால் தெருமுனை செல்போன் கடையில் சரிசெய்ய முடிகிற பொருளல்ல இது.

மைக் என்றேன் அல்லவா, அதையும் கிம்பலையும் சேர்த்தே யோசியுங்கள். கிம்பலின் கை போனின் ஒரு பக்கத்தில் ஒட்டி நிற்கும். சில மாடல்களில் சார்ஜர் குத்தும் துளை அந்தக் கைக்குப் பின்னால் மாட்டிக்கொள்ளும். ஒயர்லெஸ் மைக்கின் ரிசீவரை அங்கேதான் குத்தவேண்டும் என்பதால் இரண்டும் சேர்ந்து வேலை செய்யாது. கடையில் உங்கள் ரிசீவரையும் கையோடு கொண்டுபோய் மாட்டிப் பார்த்துவிடுங்கள். போனின் அகலக் கோண லென்ஸையும் திறந்து பாருங்கள். சில கிம்பல்களில் மோட்டாரே ஃபிரேமின் ஓரத்தில் தெரியும். நாயனமும் தவிலும் பறையும் சரியாகக் கேட்காத திருவிழா வீடியோவை, படம் எவ்வளவு வழுக்கிக்கொண்டு போனாலும், யாரும் இரண்டாம் தடவை பார்ப்பதில்லை.

வாங்கி வந்த அன்றே, பொருளைத் திருப்பிக் கொடுக்கும் கெடுவுக்குள், சோதித்துவிடுங்கள். மேசை மேல் நிறுத்தி ஆன் செய்து, தொடாமல் பத்து நிமிஷம் விட்டுப் பாருங்கள். போன் தானாக ஒரு பக்கம் திரும்பிக்கொண்டே போனாலோ, படம் சாய்ந்துகொண்டே போனாலோ, சமதளத்தில் வைத்து கேலிப்ரேட் செய்யுங்கள். அதற்குப் பிறகும் திரும்பினால் மாற்றிக் கேளுங்கள். வாசல் நிலைப்படிக்கு நேராகப் பிடித்து, படத்தில் நிலை செங்குத்தாக நிற்கிறதா என்றும் பார்க்கலாம். கிம்பலில் எடுக்கும்போது போனின் 'சூப்பர் ஸ்டெடி' மாதிரியானவற்றை அணைத்துவிடுங்கள். இரண்டும் ஒரே ஆட்டத்தைத் திருத்தப் போனால் படம் விட்டுவிட்டு வழுக்கும்.

இனி, எந்தக் கம்பெனிக்காரரும் பெட்டியில் எழுதாத ஒன்று. மூன்று மோட்டாரும் போன் திரும்புவதைத்தான் தடுக்கும். நீங்கள் ஒவ்வொரு அடி வைக்கும்போதும் உடம்பு மேலே போய்க் கீழே வருகிறது அல்லவா, அதைத் தடுக்க அவற்றால் முடியாது. விலை கூடினாலும் மூன்று அச்சு கிம்பல் எதுவும் இதைச் செய்யாது. அதற்கு உங்கள் கால்தான் பழக வேண்டும். உங்கள் ஊருக்குக் கரகம் ஆட வருகிறவர்களின் இடுப்புக்குக் கீழே கவனித்துப் பாருங்கள். முழங்கால் எப்போதும் கொஞ்சம் மடங்கியே இருக்கும். பாதம் ஓசையில்லாமல் தரையைத் தொட்டு உருளும். தலையிலிருக்கும் செம்பு ஒரே மட்டத்தில் மிதந்து போகும். கிம்பல் பிடித்து நடப்பதும் அதே நடைதான். முழங்காலை மடக்குங்கள், குதிகாலிலிருந்து விரல் நுனிவரை பாதத்தை உருட்டி வையுங்கள், சின்னச் சின்ன அடியாக எடுங்கள். முழங்கையை உடம்போடு ஒட்டிக்கொள்ளாமல் கொஞ்சம் தளர்த்தி, இரண்டு கையாலும் பிடியுங்கள். மொட்டைமாடியில் தினமும் சாயங்காலம் கொஞ்ச நேரம் நடந்து, எடுத்ததை உடனே போட்டுப் பாருங்கள். ஒரு வாரத்திலேயே வித்தியாசம் கண்ணுக்குத் தெரியும். கிம்பல் இல்லாதவர்களும் இதைப் பழகலாம். வெறுங்கையில் எடுப்பதும் பாதிக்குப் பாதி சீராகிவிடும்.

ராத்திரி வேலைக்கு இன்னொரு விஷயம். நம் நாட்டு மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். விளக்குகள் விநாடிக்கு 100 தடவை மினுக்குகின்றன. ஷட்டர் இதோடு ஒத்துப்போகாவிட்டால் படத்தில் பட்டைப் பட்டையாக இருட்டு ஓடும். பந்தலில் டியூப்லைட் கட்டிய இடங்களில் நீங்கள் பார்த்திருப்பீர்கள். கேமரா செட்டிங்கில் 'ஆன்டி ஃப்ளிக்கர்' இருந்தால் 50 ஹெர்ட்ஸ் வையுங்கள். புரோ மோட் இருந்தால் ஷட்டரை 1/50-இல் அல்லது 1/100-இல் நிறுத்துங்கள். ஐபோனிலும் சில ஆண்ட்ராய்டு போன்களிலும் பிளாக்மேஜிக் கேமரா ஆப் இலவசமாகவே கிடைக்கிறது, அதில் இதெல்லாம் செய்யலாம். சீரியல் செட்டுகள் சில இதற்கும் அடங்காமல் மினுக்கும், அதற்கு ஒன்றும் செய்வதற்கில்லை. 1/50-இல் எடுக்கும்போது கை நடுக்கம் முழுவதும் பதியும் என்பதால் கிம்பலின் அருமை அங்கேதான் தெரியும்.

மஞ்சள் நீராட்டு அன்று கிம்பலை வீட்டில் வைத்துவிடுங்கள். இந்த விலைக்குக் கிடைப்பவை தண்ணீர் தாங்கா. மோட்டாருக்குள் ஒரு சொம்புத் தண்ணீர் போனால் அதோடு போயிற்று. திருநீறு, குங்குமம், பூக்குழிச் சாம்பல் எல்லாம் மூட்டில் படிந்திருக்கும், வீட்டுக்கு வந்ததும் உலர்ந்த பிரஷ்ஷால் தட்டிவிடுங்கள். சித்திரை வெயிலில் காருக்குள் விட்டுப் போகாதீர்கள், உள்ளே இருப்பது லித்தியம் பேட்டரி. சாமி வண்டிக்கு முன்னால் பைக்கில் போய் எடுப்பதற்காகப் போனை ஹேண்டில்பாரில் மாட்டுகிறார்கள். எஞ்சின் அதிர்வு போன் கேமராவின் உள்ளே லென்ஸை அசைக்கும் பாகத்தைக் கெடுக்கலாம் என்று ஆப்பிளே 2021-இல் எச்சரித்தது. பின்னால் உட்கார்ந்து கையில் பிடித்து எடுங்கள்.

வாங்கும் முன் ஒருநாள் வாடகைக்கு எடுத்துப் பாருங்கள் என்றும் சொல்வேன். சென்னை, கோவை, மதுரை போன்ற ஊர்களில் கேமரா வாடகைக்கு விடுபவர்களிடம் கிம்பலும் இருக்கும். ஊரில் நாலு பேர் சேர்ந்து எடுக்கிறீர்கள் என்றால் ஆளுக்கொன்று வேண்டாம். பணத்தைச் சேர்த்து ஒரு கிம்பல், ஒரு ட்ரைபாட், ஒரு மைக் என்று வாங்குங்கள். நடை நன்றாகப் பழகியவர் கிம்பலைப் பிடிக்கட்டும், மற்றவர் நின்று எடுக்கட்டும்.

கிம்பல் பிடிப்பவருக்கு எப்போதும் ஒரு துணை வேண்டும். திரையையே பார்த்துக்கொண்டு பின்னோக்கி நடப்பவருக்குப் பள்ளமும் தெரியாது, கயிறும் தெரியாது, பின்னால் நிற்கிற குழந்தையும் தெரியாது. கூட ஒருவர் இடுப்பைப் பிடித்து வழிகாட்டிக்கொண்டே வரட்டும். தேரோட்டத்தன்று மட்டும், துணை இருந்தாலும், தேருக்கு முன்னால் போகவே போகாதீர்கள். வடம் பிடிப்பவர்களுக்கு வெளியே, பக்கவாட்டில், கட்டை போடுகிறவர்களின் கை காலுக்குத் தடையில்லாத தூரத்தில் நின்று எடுங்கள். தேர் முக்குத் திரும்பும் இடத்தை முந்தின நாளே போய்ப் பார்த்து, மாடி வீட்டுக்காரரிடம் அனுமதி கேட்டு வையுங்கள். அங்கிருந்து எடுக்கிற ஆளுக்கு ட்ரைபாடைக் கொடுத்துவிடுங்கள்.

அன்புடன்,
கல்யாண வீடியோ எடுக்கும் உங்கள் அண்ணன்